லயக் காம்பராவில் துப்பாக்கி வேண்டாம்

(தோட்டக் கமிட்டித் தலைவர்கள், தலைவிகள் கூட்டத்தில் ஆற்றப்பட்ட உரை)



சம்பளம், வீடு, காணி என்று பேசுவதற்கு எவ்வளவோ இருக்கும்போது துப்பாக்கியைப் பற்றி என்ன பேச்சு என்று சிலர் கேட்டீர்கள். இதுவும் வீட்டுப் பிரச்சினைதான், வேலைப் பிரச்சினையுந்தான்.

நமது லயங்களுக்குத் துப்பாக்கி இரண்டு வழியாக வருகிறது. ஒன்று, காவல்காரருக்கு நிர்வாகம் கொடுக்கும் சொட்கன். இரவெல்லாம் காவல் இருந்துவிட்டு, விடிந்ததும் அதைத் தோளில் போட்டுக்கொண்டு அவர் காம்பராவுக்கு வருகிறார். மற்றது, மரக்கறித் தோட்டம் செய்கிறவர்கள் காட்டுப்பன்றிக்காக அனுமதிப்பத்திரம் எடுத்து வைத்திருப்பது. பாடுபட்டு நட்ட கிழங்குப் பாத்தியைப் பன்றி ஒரே இரவில் கிளறிப்போட்டால் எப்படியிருக்கும் என்பது நமக்குத் தெரியும். ஆகவே வைத்திருப்பவர்களைக் குற்றம் சொல்ல நாங்கள் வரவில்லை. எங்கே வைக்கிறோம், எப்படி வைக்கிறோம் என்பதே கேள்வி.

பழைய லயக் காம்பரா பத்துக்குப் பன்னிரண்டு அடி. சமையல், படுக்கை, பிள்ளைகளின் படிப்பு எல்லாம் அதற்குள்தான். பூட்டி வைக்க அலுமாரி இல்லாத வீடுகள் எத்தனையோ. அதனால் துப்பாக்கி கட்டிலுக்கு அடியில் கிடக்கும், கதவு மூலையில் நிற்கும், விறகு அடுக்கும் பரணில் ஏறும். "பிள்ளைகளுக்குத் தெரியாது" என்கிறோம். தீபாவளிப் பலகாரத்தை ஒளித்து வைத்தால் எத்தனை நாளில் கண்டுபிடிக்கிறார்கள் என்பதை நினைத்துப் பாருங்கள். ஒளித்து வைப்பது வேறு, பூட்டி வைப்பது வேறு.

பன்றிக்குப் போடும் எஸ்.ஜி. தோட்டாவில் வழமையாக 9 ஈயக் குண்டுகள் இருக்கும். விசையைத் தட்டினால் ஒன்பதும் ஒன்றாகப் புறப்படும். நமது லயத்திலோ சுவருக்கு அந்தப் பக்கம் அடுத்த குடும்பம் படுத்திருக்கிறது.

பிள்ளைகளை மட்டும் நினைத்து இதைச் சொல்லவில்லை. சம்பள நாளில் குடித்துவிட்டு வருகிற சண்டை இருக்கிறது. மனம் உடைந்து போகிற ஒரு பொழுது யாருக்கும் வரலாம். 1995இல் நமது நாட்டில் ஒரு இலட்சம் பேருக்கு ஏறத்தாழ 47 பேர் தற்கொலையால் இறந்தார்கள். அந்த ஆண்டு மிகக் கொடிய பூச்சிமருந்துகளையும் 1998இல் எண்டோசல்பானையும் அரசாங்கம் தடை செய்தது. அடுத்த பத்து ஆண்டுகளில் அந்தத் தொகை பாதியாகக் குறைந்தது. மக்களின் துன்பம் பாதியாகிவிடவில்லை. எட்டுகிற இடத்தில் கொடிய நஞ்சு இல்லை, அவ்வளவுதான். கோபமும் துயரமும் ஒரு இரவில் கொஞ்சம் தணியும். அந்த இரவில் கைக்கெட்டும் தூரத்தில் துப்பாக்கி இருக்கக் கூடாது. வீட்டில் ஒருவர் மனம் தளர்ந்திருக்கிறார் என்று கண்டால், பூட்டு இருந்தாலும் போதாது. துப்பாக்கி அந்த வீட்டை விட்டே போக வேண்டும். பொலிஸ் நிலையத்தில் பேசி ஒப்படையுங்கள். வெட்கப்பட ஒன்றுமில்லை.

சொந்த அனுமதிப்பத்திரம் உள்ளவர்கள் செய்ய வேண்டியவை இவை.

வீட்டு வாசலுக்கு வருமுன்பே துப்பாக்கியை மடித்துத் திறந்து தோட்டாவை எடுத்துவிடுங்கள். இரண்டு குழல் என்றால் இரண்டுக்குள்ளும் கண்ணால் பாருங்கள். "பூட்டுவிசை போட்டிருக்கிறேன்" என்பது போதாது. அது பெரும்பாலும் விசையை மட்டுமே தடுக்கும், கீழே விழுந்தால் வெடிக்காது என்பதற்கு அது உத்தரவாதமல்ல.

சுவரோடு சேர்த்து இறுக்கிய இரும்புப் பெட்டியில் பூட்டி வையுங்கள். தோட்டாக்கள் வேறொரு பெட்டியில், வேறொரு பூட்டில் இருக்கட்டும். குழலுக்கு அடியில் கை பிடிக்கிற மரத்துண்டைக் கழற்றித் தனியாகப் பூட்டி வைத்தால் இன்னும் நல்லது. சாவி அனுமதிப்பத்திரம் உள்ளவரின் இடுப்பில் இருக்க வேண்டும், சாமிப்படத்துக்குப் பின்னால் அல்ல.

நமது மலையில் பனியும் ஈரமும் அதிகம். எண்ணெய் தொட்டுத் துடைத்து வையுங்கள், துணி உறைக்குள் நாள்கணக்கில் சுற்றி வைத்தால் துருப்பிடிக்கும். நனைந்த தோட்டாவை அடுப்புக்கு மேலே காய வைக்கிற பழக்கம் எங்கேயாவது இருந்தால் இன்றோடு விடுங்கள். வீங்கிய தோட்டாவைப் பாவிக்கவே கூடாது.

1916ஆம் ஆண்டின் சுடுகலன்கள் கட்டளைச் சட்டம் இன்றும் நடைமுறையில் இருக்கிறது. அனுமதிப்பத்திரத்தை ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும். மச்சானுக்கு ஒரு இரவு இரவல் கொடுக்கிற சாமான் இல்லை இது. தகப்பன் இறந்தால் அனுமதி தானாக மகனுக்குச் சேராது, உடனே பொலிஸுக்கு அறிவிக்க வேண்டும். கட்டுத்துப்பாக்கியைப் பற்றி ஒரே வார்த்தை: அது சட்டவிரோதம். இழுத்துக் கட்டிய கம்பிக்குப் பன்றியின் காலும் விறகுக்குப் போகிற நமது பெண்களின் காலும் ஒன்றுதான்.

இனி காவல்காரர்களின் விஷயம். அந்தத் துப்பாக்கி தோட்டத்துடையது. அதைப் பாதுகாக்கிற பொறுப்பும் தோட்டத்துடையதுதான். இரும்புப் பெட்டி வாங்க ஒரு காவல்காரரின் சம்பளம் போதாது. ஒன்று நடந்துவிட்டால் மட்டும் "நீதானே வைத்திருந்தாய்" என்று அவரைக் கேட்பார்கள். இதை நாம் ஏற்க முடியாது.

ஆகவே ஒவ்வொரு தோட்டக் கமிட்டியும் துரையிடம் எழுத்தில் கேட்க வேண்டியவை மூன்று. ஆபீசில் சுவரில் இறுக்கிய இரும்புப் பெட்டி. மாலையில் துப்பாக்கியும் தோட்டாவும் எடுக்கும்போதும், காலையில் எண்ணித் திருப்பிக் கொடுக்கும்போதும் இரு தரப்பும் கையெழுத்திடுகிற புத்தகம். காலையில் அதை வாங்கிப் பூட்டுவதற்குப் பொறுப்பான ஒருவர். ஆபீஸ் திறக்கும்வரை காவல்காரர் காத்திருக்க வேண்டும் என்றால் அந்த நேரமும் வேலை நேரமே.

பாடசாலையில் நாங்கள் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்பது சின்னப் பாடம்: கண்டால் தொடாதே, அங்கே நிற்காதே, பெரியவரிடம் போய்ச் சொல். ஆனால் அதைக் காண்கிற நிலைமையே வராமல் பார்ப்பது பிள்ளையின் வேலையல்ல, நமது வேலை.

அடுத்த கூட்டத்துக்கு வரும்போது, கடிதம் கொடுத்த திகதியையும் துரை சொன்ன பதிலையும் எழுதிக்கொண்டு வாருங்கள். பதில் வராத தோட்டங்களின் பட்டியலோடு மாவட்டக் காரியாலயம் அடுத்த நடவடிக்கையை எடுக்கும்.