மணி யாருக்காக அடித்தது?



மணி அடித்தால் உள்ளே போகிறோம், மணி அடித்தால் வெளியே வருகிறோம். இந்தப் பழக்கம் வானத்திலிருந்து குதித்ததல்ல. அதற்குச் சரித்திரம் உண்டு, செலவுக் கணக்கும் உண்டு.

இங்கிலாந்தில் நார்விச் என்ற ஊரில் ஒரு பெரிய மாதா கோயில். அந்தக் காலத்தில் அது துறவிகளின் மடம். நடுச்சாமத்திலும் எழுந்து ஜெபம் செய்ய வேண்டியவர்கள். நேரம் தப்பக் கூடாது. 1320-களில் அங்கே பெரிய கடிகாரம் ஒன்று செய்தார்கள். சூரியனும் சந்திரனும் நகரும். துறவி பொம்மைகள் ஊர்வலம் வரும். வேடிக்கைதான்! ஆனால் நாம் பார்க்க வேண்டியது மடத்துக் கணக்குச் சுருளை. செலவு 52 பவுனுக்கு மேல். அன்று ஒரு பவுனுக்கு 240 பென்னி. சாதாரணக் கூலியாளுக்கு நாளொன்றுக்குச் சுமார் 2 பென்னி. பெருக்கிப் பாருங்கள்: 6,000 நாளுக்கு மேற்பட்ட கூலி! வருஷத்துக்கு 300 நாள் உழைத்தாலும் 20 வருஷத்து உழைப்பு. அந்தப் பணம் மடத்துக்கு எப்படி வந்தது? நிலத்துக்குக் குடியானவன் கட்டிய வாரத்திலிருந்தும், விளைச்சலில் பத்தில் ஒன்றாக அளந்த கோயில் பங்கிலிருந்தும்தான்.

செய்தவர்கள் யார்? கருமான்களும் தச்சர்களும். ஸாலிஸ்பரி கோயிலில் அந்தக் காலத்துக் கடிகாரம் ஒன்றை இன்றும் பார்க்கலாம். முகம் கிடையாது, முள் கிடையாது. மணி மட்டும் அடிக்கும். திருகாணி இல்லாமல் ஆப்பு வைத்து இறுக்கிய இரும்புச் சட்டம். கயிற்றில் தொங்கும் கல் இறங்க இறங்கப் பல்சக்கரம் சுழலும். அந்தப் பல் ஒவ்வொன்றையும் கையால் அராவினார்கள்! கடிகாரத்தைக் கவனிப்பவனுக்கு ஒரு வீடு இருந்ததாக 1386-ம் வருஷத்துப் பத்திரம் சொல்கிறது.

ஆனால் மணி ஜெபத்தோடு நிற்கவில்லை. பிரான்சில் துணி நெசவு பெருகிய ஊர்களில் தொழிலாளிக்கென்றே தனி மணி வந்தது. 1335-ல் அமியான் நகர அதிகாரிகள் அரசனிடம் அனுமதி வாங்கினார்கள்: காலையில் வேலை தொடங்க, சாப்பிடப் போக, திரும்பி வர, மாலையில் கலைய, எல்லாவற்றுக்கும் மணி! ஆலைச் சங்கின் பாட்டன் இதுதான். கையால் அடித்தாலென்ன, கடிகாரம் அடித்தாலென்ன, கூலிக்காரன் காதுக்கு இரண்டும் ஒன்றே.

அவன் சும்மா இருந்தானா? இல்லை. வடக்கே தெருவான் என்ற ஊரில் துணி துவைத்து மிதிக்கும் தொழிலாளிகளும் மற்றக் கைத்தொழிலாளரும் அந்த மணியை எதிர்த்து நின்றார்கள். 1367 மார்ச்சில் அந்த ஊர் மாதா கோயிலின் தலைமைக் குருவும் குருமார் சபையும் அவர்களுக்கு வாக்குக் கொடுத்தார்கள்: தொழிலாளர் மணி இனி என்றைக்கும் ஒலிக்காது. காரணத்தையும் எழுதி வைத்தார்கள்: ஊரிலும் கோயிலிலும் கலகம் மூளாதிருக்க வேண்டுமாம்!