மூட்டு வலியும் காசநோயும்

(துவாஸ் வட்டாரத் தொழிலாளர்களும், அவர்களைக் காண ஜொகூர் தோட்டங்களிலிருந்து வந்திருந்த பெற்றோர்களும் கூடிய கூட்டத்தில் மருத்துவர் ஒருவர் ஆற்றிய உரை)

 

இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள் நம் உடலில் சுரக்கும் ஒரு புரதத்தைப் பற்றியது. மருத்துவர்கள் அதனை டி.என்.எஃப். என்று சுருக்கி அழைப்பர். தமிழில் 'கட்டி நசிவுக் காரணி' எனலாம். கண்ணுக்குப் புலப்படாத இப்பொருளைத் தோட்டத் தொழிலாளி ஏன் அறிந்திருக்க வேண்டும் என்று நீங்கள் கேட்கலாம். காரணம் உண்டு. முடக்குவாதத்தில் நம் மூட்டுகளை வீங்கச் செய்து அரிப்பதில் இப்புரதத்திற்குப் பெரும் பங்குண்டு. நுரையீரலில் உறங்கிக் கிடக்கும் காசநோய்க் கிருமி எழாதவாறு காப்பதும் இப்புரதமே. இவ்வுண்மையை அறியாமல், மூட்டு வலிக்கு யாரோ கொடுத்த மாத்திரையை விழுங்குவோர் காவலாளியை அனுப்பிவிட்டுக் கதவைத் திறந்து வைப்போர் ஆகின்றனர்.

மரமும் மனிதனும்

பால் மரத்தை அறியாதவர் நம்மில் இல்லை. பட்டையில் கத்தி பட்டவுடன் பால் வடிகின்றது. நமக்கு அது கூலி. மரத்திற்கோ அது தற்காப்பு. வடிந்த பால் இறுகி, வெட்டுப்பட்ட இடத்தை மூடுகின்றது. மறுநாள் காலையில் நாம் உரித்தெடுக்கும் ஒட்டுப்பால் மரம் தன் புண்ணுக்குத் தானே இட்ட மருந்தாகும்.

மனித உடலும் இவ்வாறே தன்னைக் காத்துக்கொள்கின்றது. கையில் முள் தைத்தால் அவ்விடம் சிவக்கின்றது, சுடுகின்றது, வீங்குகின்றது, வலிக்கின்றது. இதனை அழற்சி என்கிறோம். கிருமி நுழைந்த இடத்திலுள்ள வெள்ளை அணுக்கள் டி.என்.எஃப். புரதத்தை வெளியிடுகின்றன. தோட்டத்தில் விடியற்காலையில் பிரட்டு மணி அடித்ததும் எல்லாரும் திரண்டு வருவதில்லையா? இப்புரதமும் அத்தகையதொரு மணியே. அதன் ஒலி கேட்டு இரத்தக் குழாய்கள் வழிவிடுகின்றன, மற்ற வெள்ளை அணுக்கள் விரைந்து வருகின்றன, போர் நடைபெறுகின்றது. கிருமி அழிந்ததும் மணி ஓய்கின்றது, வீக்கமும் வடிகின்றது.

எதற்கும் அளவு உண்டு. 1890களில், சிங்கப்பூரில் நாம் பூமலை என்று அழைக்கும் தாவரவியல் தோட்டத்தின் இயக்குநராயிருந்த ரிட்லி, மரத்தைக் கொல்லாமல் பட்டையை மட்டும் சீவிப் பாலெடுக்கும் முறையை உலகிற்குக் காட்டினார். கத்தி பட்டையோடு நின்றால் மரம் பல்லாண்டு பால் தரும். ஆழ இறங்கினால் மரம் காயப்பட்டு முடிச்சு விழும். அழற்சியும் அவ்வாறே. அளவோடு நின்றால் காப்பு. ஓயாது நீடித்தால் கேடு.

கண்டறிந்த வரலாறு

1975ஆம் ஆண்டில் நியூயார்க் நகரில் லாய்டு ஓல்டு, எலிசபெத் கார்ஸ்வெல் முதலிய ஆய்வாளர்கள் இப்புரதத்தைப் பற்றி உலகிற்கு அறிவித்தனர். அவர்கள் சுண்டெலிகளுக்கு முதலில் பி.சி.ஜி. கிருமியைச் செலுத்தினர். நம் குழந்தைகளின் கையில் காசநோய்த் தடுப்பூசியாகப் போடப்படும் அதே பி.சி.ஜி.தான் அது. பின்னர்ப் பாக்டீரியா நச்சையும் செலுத்தி, அவ்வெலிகளின் குருதிநீரை எடுத்துப் புற்றுக்கட்டியுள்ள எலிகளுக்குக் கொடுத்தபோது கட்டிகள் நசிந்தன. அதனாலேயே இப்பெயர் வந்தது.

புற்றுநோய்க்கு இதுவே மருந்தாகும் என்று முதலில் பலர் எண்ணினர். ஆயின், உடல் முழுதும் பரவும் அளவில் இதனைச் செலுத்தினால் காய்ச்சலும் இரத்த அழுத்த வீழ்ச்சியும் ஏற்பட்டு உயிருக்கே ஊறு விளையும் எனத் தெரிய வந்தது. 1985ஆம் ஆண்டில் மற்றோர் உண்மையும் வெளிப்பட்டது. நெடுநாள் நோயாளிகளின் உடலை உருக்கி எலும்பும் தோலுமாக்கும் பொருள் ஒன்றைப் புரூஸ் பியூட்லர், அந்தோணி செராமி ஆகியோர் ஆராய்ந்து வந்தனர். அதுவும் டி.என்.எஃப்.பும் ஒன்றே எனத் தெளிவாயிற்று.

மணி ஓயாத நோய்

முடக்குவாதம் என்னும் நோயில் கிருமி ஏதும் இன்றியே இந்த மணி இடையறாது அடிக்கின்றது. உடலின் எதிர்ப்பாற்றல் தன் மூட்டுகளையே பகையாகக் கருதித் தாக்குகின்றது. மூட்டின் உட்சவ்வு தடித்துக் குருத்தெலும்பும் எலும்பும் அரிக்கப்படுகின்றன. ஆண்களைவிடப் பெண்களுக்கு இந்நோய் இரண்டு மூன்று மடங்கு மிகுதியாக வருகின்றது.

முதுமையில் முழங்கால் தேய்வதும், நாளெல்லாம் வாளி சுமந்து தோள் வலிப்பதும் வேறு, இது வேறு. விரல் மூட்டுகளும் மணிக்கட்டும் இரு கைகளிலும் ஒருங்கே வீங்குதல், காலையில் எழுந்ததும் அரை மணி நேரத்திற்கும் மேலாக விரல்களை மடக்க இயலாமை, இவை ஆறு வாரங்களுக்கு மேல் நீடித்தல் ஆகியவை இந்நோயின் முக்கிய அறிகுறிகள். தோட்டத்துப் பெண்ணொருத்திக்கு அதிகாலையில் உளியைப் பிடிக்க விரல் மடங்கவில்லை என்றால், அதனை 'வேலைக் களைப்பு' என்று தள்ளிவிடுதல் தகாது. மூட்டு ஒரு முறை அரிக்கப்பட்டால் பழைய நிலைக்குத் திரும்பாது. தொடக்கத்திலேயே மருத்துவம் செய்துகொண்டால் கையைக் காப்பாற்றலாம்.

மணியின் நாவைப் பிடிக்கும் மருந்து

1992ஆம் ஆண்டில் இலண்டன் சேரிங் கிராஸ் மருத்துவமனையில், மார்க் ஃபெல்ட்மனும், பஞ்சாபின் லூதியானாவில் பிறந்த ரவீந்தர் மைனியும் ஒரு புதிய முயற்சியில் இறங்கினர். மற்ற மருந்துகளுக்குக் கட்டுப்படாத முடக்குவாதம் உடைய 20 பேருக்கு, டி.என்.எஃப். புரதத்தைப் பற்றிக்கொண்டு செயலிழக்கச் செய்யும் எதிர்ப்பொருளைச் செலுத்தினர். அவர்களுக்கு வலியும் வீக்கமும் விரைவில் தணிந்தன. 1998ஆம் ஆண்டு முதல் இவ்வகை மருந்துகள் ஒன்றன்பின் ஒன்றாக அமெரிக்காவில் அனுமதி பெற்றன. இன்ஃபிளிக்சிமாப், எட்டனர்செப்ட், அடலிமுமாப் என்பன அவற்றுட் சில.

இம்மருந்துகள் சாதாரண மாத்திரைகளைப்போல் இரசாயனங்களைக் கலந்து செய்யப்படுவன அல்ல. உயிரணுக்களை எஃகுக் கலன்களில் வளர்த்து, அவை சுரக்கும் புரதத்தைப் பிரித்துத் தூய்மை செய்கின்றனர். ஆர்.ஆர்.ஐ.எம். 600 என்னும் ஒட்டுரக மரங்கள் யாவும் ஒரே தாய்மரத்தின் வழி வந்தவை என்பது உங்களுக்குத் தெரியும். அதுபோல அக்கலனில் உள்ள கோடிக்கணக்கான அணுக்களும் ஒரே தாயணுவின் வழி வந்தவை.

இத்தகைய உயிரியல் மருந்துத் தொழில் நடைபெறும் இடங்களுள் துவாஸும் ஒன்று. மீன்களை நிழலுக்கு ஈர்த்து வலையைத் தூக்கிப் பிடிக்கும் மலாய் மீனவர் முறையால் இவ்வூர் பெயர் பெற்றது என்பர். கடலைத் தூர்த்து நிலமாக்கிய இப்பகுதியில் இன்று உயிர்மருத்துவப் பூங்கா அமைந்துள்ளது. ஆம்ஜென் நிறுவனம் 2014ஆம் ஆண்டில் இங்கே தன் ஆலையைத் திறந்தது. அடலிமுமாப் மருந்துக்குரிய ஆப்வி நிறுவனமும் அதே ஆண்டில் இங்கு ஆலை அமைக்கப்போவதாக அறிவித்தது. 1998இல் இரண்டாம் இணைப்புப் பாலம் திறக்கப்பட்ட பின்னர், அதனைக் கடந்து ஜொகூரிலிருந்து துவாஸுக்கு வேலைக்கு வருவோர் பலர். பால் வெட்டிய பெற்றோரின் பிள்ளைகள் இன்று இத்தொழில் வட்டாரத்தில் உழைக்கின்றனர் என்பது நமக்குப் பெருமையே.

காவல் நீங்கினால்

இனி மறு பக்கத்தைக் காண்போம். உலக மக்களில் ஏறத்தாழ நான்கில் ஒருவரின் உடலில் காசநோய்க் கிருமி புகுந்திருப்பதாக உலகச் சுகாதார நிறுவனம் மதிப்பிடுகின்றது. அவர்களுள் பெரும்பாலோர்க்கு நோய் வருவதில்லை. ஏன்? வெள்ளை அணுக்கள் கிருமியைச் சூழ்ந்து மதில்போல் நின்று சிறைப்படுத்துகின்றன. அம்மதில் இடியாமல் நிற்பதற்கு டி.என்.எஃப். இன்றியமையாதது.

இது வெறும் கருத்தன்று. 2001ஆம் ஆண்டில் இன்ஃபிளிக்சிமாப் பெற்றவர்களிடையே 70 பேருக்குக் காசநோய் கண்ட செய்தி அமெரிக்க மருத்துவ இதழில் வெளியாயிற்று. மணியை நிறுத்தியதும் மதில் இடிந்தது. உறங்கிய கிருமி விழித்தது. அன்று முதல், இம்மருந்தைத் தொடங்கும் முன் நெஞ்சு எக்ஸ்ரேயும், தோல் அல்லது இரத்தச் சோதனையும் செய்து, உறங்கும் கிருமி இருப்பின் அதற்குச் சில மாதங்கள் மருந்து கொடுப்பது வழக்கமாயிற்று. இந்த முன்னெச்சரிக்கையால் ஆபத்து பெரிதும் குறைந்தது.

காசநோய் ஒழிந்துவிட்டது என்று எவரும் எண்ணவேண்டாம். சிங்கப்பூர் 1997ஆம் ஆண்டிலேயே காசநோய் ஒழிப்புத் திட்டத்தைத் தொடங்கியது. எனினும் நோய் முற்றிலும் நீங்கவில்லை. மலேசியாவில் 2022ஆம் ஆண்டில் 25,000க்கும் மேற்பட்டோர்க்கு இந்நோய் கண்டது. உலகளவில் 2023ஆம் ஆண்டில் 12 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் இதனால் மாண்டனர்.

பெயரில்லாத மாத்திரை

தோழர்களே! இப்பேச்சின் மையத்திற்கு வருகின்றேன். விலையுயர்ந்த ஊசி மருந்து நம்மில் சிலர்க்கே தேவைப்படும். ஆனால் மூட்டு வலிக்கு 'மூலிகை', 'ஜாமு', 'நாட்டு மருந்து' என்ற பெயரில் சந்தையிலும், அறிந்தவர் வழியாகவும், கைப்பேசி விளம்பரத்தின் வழியாகவும் வரும் மாத்திரைகளை வாங்கி உண்போர் பலர். இரண்டே நாளில் வலி பறந்துவிட்டது என்று அயலாருக்கும் பரிந்துரைக்கின்றனர். அத்தகைய பொருள்கள் சிலவற்றில் டெக்சாமெத்தசோன் போன்ற ஸ்டீராய்டு மருந்துகள் மறைத்துக் கலக்கப்பட்டிருப்பதைச் சிங்கப்பூரின் சுகாதார அறிவியல் ஆணையம் பன்முறை கண்டறிந்து எச்சரித்துள்ளது.

ஸ்டீராய்டு தன்னளவில் தீயதன்று. 2020ஆம் ஆண்டில் கோவிட் பெருந்தொற்றின்போது, அழற்சி கட்டுக்கடங்காமற் போன நோயாளிகள் பலரின் உயிரைக் காத்தது இதே டெக்சாமெத்தசோன்தான். ஆனால் அது மருத்துவமனையில், அளவறிந்து, நாளறிந்து கொடுக்கப்பட்டது. அளவு தெரியாமல் மாதக்கணக்கில் உண்டால் முகம் உப்பும்; தோல் மெலியும்; இரத்தத்தில் சர்க்கரை ஏறும்; எலும்பு வலுவிழக்கும். டி.என்.எஃப். உள்ளிட்ட காவற் புரதங்களும் அடங்கிப்போவதால், உறங்கும் காசநோய் விழித்தெழவும் கூடும். மருத்துவர் கொடுக்கும் ஊசிக்கு முன்னே சோதனை உண்டு; பெயரில்லாத மாத்திரைக்கு முன்னே என்ன சோதனை உண்டு?

ஆகவே நீங்கள் கடைப்பிடிக்க வேண்டியவற்றைக் கூறி முடிக்கின்றேன்.

முதலாவது, மூட்டு வீக்கமும் காலை விறைப்பும் நீடித்தால் அரசாங்க மருத்துவ நிலையத்திற்குச் செல்லுங்கள். முடக்குவாதத்திற்கு முதலில் கொடுக்கப்படும் மெத்தோட்ரெக்சேட் மாத்திரை விலை குறைந்தது. பலருக்கு நற்பயன் தருவது. அதனை வாரம் ஒரு முறைதான் உண்ண வேண்டும். நாள்தோறும் உண்டால் உயிருக்கு ஆபத்து. கருவுற்ற பெண்கள் அதனை உண்ணலாகாது.

இரண்டாவது, உங்களுக்கோ உங்கள் வீட்டார்க்கோ முன்பு காசநோய் இருந்ததாயின் மருத்துவரிடம் மறைக்காதீர்கள். அது வெட்கப்பட வேண்டிய நோயன்று. பெரும்பாலோர்க்கு ஆறு மாத மருந்தை முறையாக உட்கொண்டால் குணமாகும். இடையில் நிறுத்தினால் கிருமி மருந்துக்குப் பணியாமற்போகும்.

மூன்றாவது, இரண்டு வாரங்களுக்கு மேல் இருமல், மாலைக் காய்ச்சல், இரவில் வியர்வை, உடல் மெலிதல் ஆகியவை கண்டால் சளிப் பரிசோதனை செய்துகொள்ளுங்கள்.

நான்காவது, மலேசியாவில் பதிவு பெற்ற மருந்தின் உறையில் எம்.ஏ.எல். என்று தொடங்கும் எண் இருக்கும். அவ்வெண் இல்லாத மாத்திரையை வாங்காதீர்கள். முன்பே உண்டு வருபவராயின் திடீரென நிறுத்திவிடவும் வேண்டா. உடல் தளர்ந்து மயக்கமும் நேரலாம். மிஞ்சிய மாத்திரையைக் கையோடு எடுத்துச் சென்று மருத்துவரிடம் காட்டுங்கள். அவர் படிப்படியாகக் குறைப்பார்.

நம் உடலில் நண்பன் வேறு, பகைவன் வேறு என்று பிரித்துச் சொல்ல இயலாத பொருள்கள் பல உள்ளன. ஒரே புரதம் ஓரிடத்தில் காக்கின்றது, மற்றோரிடத்தில் வருத்துகின்றது. அதனை எப்போது அடக்குவது, எவ்வளவு அடக்குவது என்பதைக் கற்றறிந்தவர் சோதித்தே முடிவு செய்ய வேண்டும். உழைத்த கைகளுக்கு வலியின்றி வாழும் உரிமை உண்டு. அவ்வுரிமையைச் சரியான வாயிலில் சென்று கேட்டுப் பெறுங்கள்.