வரைபடத்தில் விழாத பயணம்
(விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



பிள்ளைகளுக்குச் சமுதாயச் சிக்கல்களை எவ்வாறு கற்பிப்பது என்பதைப் பற்றிப் பேசுமாறு விழாக் குழுவினர் பணித்தனர். நான் கணக்கு ஆசிரியன். எனக்குத் தெரிந்த கருவி கிராஃப் தாள் ஒன்றுதான். வந்தவாசிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து வேலையின்பொருட்டுப் போடிநாயக்கனூர் சென்றவன். ஆகவே இன்று பேசப்போகும் இடப்பெயர்வு எனக்கும் அயலானதன்று.

போடியிலிருந்து புறப்படும் சாலை மலையின் முன் நின்றுவிடும் இடம் குரங்கணி. மூணாற்றுத் தேயிலை ஒரு காலத்தில் டாப் ஸ்டேஷனிலிருந்து கம்பிவழியாக இவ்வடிவாரத்திற்கு இறங்கி, மாட்டுவண்டியில் போடிக்குச் சென்றது. மேலேயிருந்த குண்டளைப் பள்ளத்தாக்கு இரயில் பாதையை 1924 ஆம் ஆண்டு வெள்ளம் அடித்துச் சென்றது. சரக்கு ஏறி இறங்கிய அம்மலையில் மனிதர் ஏறி இறங்குவது இன்றும் ஓயவில்லை. என் வகுப்பில் அமர்ந்தவர்கள் அவர்களுடைய பிள்ளைகள்.

ஒருநாள் இரண்டு பட்டைகளைக் கரும்பலகையில் வரைந்தேன். மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் இடம்பெயர்ந்தோர் 2001 இல் சுமார் 31 கோடி. 2011 இல் சுமார் 45 கோடி. இத்தனை பேரும் பிழைப்புத் தேடி ஊரை விட்டு ஓடினார்களா என்று பிள்ளைகள் மலைத்தனர். அடுத்து 2011 இன் காரணங்களை வட்ட விளக்கப்படமாக வரைந்தேன். நூற்றுக்கு ஏறக்குறைய 46 பேர் இடம்பெயர்ந்தது திருமணத்தால்; வேலைக்காகப் பெயர்ந்தவர் பத்துப் பேர் அளவே. “எங்க அக்காவத் தேவாரத்துல கட்டிக்குடுத்தாங்க. அவளும் இதுல சேத்தியா சார்?” என்றான் ஒரு மாணவன். ஆம், அவளும் சேர்த்திதான். பிறந்த ஊரிலோ முன்பு வாழ்ந்த ஊரிலோ அல்லாமல் வேறோர் ஊரில் கணக்கெடுக்கப்பட்டவர் அனைவரும் அப்பட்டியலில் இடம்பெறுவர்.

அப்பொழுது பின்வரிசையிலிருந்து ஒரு பெண்பிள்ளை எழுந்தாள். “எங்கம்மா தெனமும் விடியக்காலம் ஜீப்புல பூப்பாறைக்கு ஏலக்காட்டு வேலைக்குப் போறாங்க. அவங்க இதுல எங்க சார் இருக்காங்க?”

என்னிடம் உடனே விடையில்லை. போடிமெட்டில் நாள்தோறும் மாநில எல்லையைக் கடந்து, மாலையில் அதே எல்லையைக் கடந்து வீடு திரும்பும் அந்தத் தாய், முப்பது ஆண்டு சென்றாலும் அப்பட்டியலில் இடம்பெயர்ந்தவர் ஆகமாட்டார். ஒரே வண்டிச்சத்தத்தில் தேவாரம் சென்று குடியேறிய மணப்பெண் ஆகிவிடுவாள். கணக்கெடுப்பு பொய் சொல்லவில்லை. அது கேட்ட கேள்வி வேறு. அப்பிள்ளையின் கேள்வி வேறு.

ஆகவே பாடநூலை மூடிவைத்தோம். ஒவ்வொருவரும் தம் தெருவில் எந்தெந்த மணிக்கு எத்தனை பெரியவர்கள் இருக்கிறார்கள் என்று ஒருநாள் முழுதும் எண்ணி வந்தனர். கிடையச்சில் நேரம், நிலையச்சில் ஆள். விடியுமுன் கோடு செங்குத்தாகச் சரிந்தது. பகல் முழுதும் தரையோடு ஊர்ந்தது. பொழுது சாயும் வேளையில் மேலேறியது. அந்தப் பள்ளத்தை அப்பெண்பிள்ளை பச்சை வண்ணத்தால் நிரப்பியிருந்தாள். ஏன் என்றேன். தம்பியைத் தான் பார்த்துக்கொள்ளும் நேரம் அது என்றாள். என் பணிக்காலத்தில் நான் கண்ட சிறந்த வரைபடம் அது என்றே இன்றும் கருதுகிறேன்.

மலைக்கு அப்பாலுள்ள இடுக்கி மாவட்டத்தின் மக்கள்தொகை 2001 இல் 11,29,221. 2011 இல் 11,08,974. வகுப்பை இரண்டாகப் பிரித்து இவ்வெண்களைக் கொடுத்தேன். ஒரு குழு அச்சைச் சுழியில் தொடங்கிப் பத்தாயிரம் பேருக்கு ஒரு மில்லிமீட்டர் என வரைந்தது. பட்டைகள் 113, 111 மில்லிமீட்டர் உயரத்தில் இரட்டைப் பிள்ளைகள்போல் நின்றன. மற்றொரு குழு அச்சைப் பதினொரு இலட்சத்தில் தொடங்கி ஆயிரம் பேருக்கு ஒரு மில்லிமீட்டர் வைத்தது; பட்டைகள் 29, 9 என்றாயின. ஊரே காலியாகிவிட்டது போன்ற தோற்றம்! எண்களில் ஒன்றும் மாறவில்லை. அச்சு எங்கே தொடங்குகிறது என்று பார்த்த பிறகே செய்தித்தாள் வரைபடத்தை நம்புவது என அன்று அவர்களாகவே முடிவு செய்தனர்.

கடினமான பகுதி பின்னர் வந்தது. அண்மைக் காலத்தில் ஏலத்தோட்டங்களுக்கு ஜார்க்கண்ட், அசாம் முதலிய மாநிலத் தொழிலாளரும் வருகின்றனர். “அவங்க நம்ம வேலையப் பிடுங்கிட்டாங்க” என்றனர் சிலர். நான் சொற்பொழிவு ஆற்றவில்லை. அதை அறிய எந்த எண்கள் வேண்டும் என்று மட்டும் கேட்டேன். வேலை கிடைத்த நாள்கள், கூலி, மலையேறுவதைத் தாமாகவே விட்டவர்கள் என்று பட்டியல் எழுதிக்கொண்டு வீடுகளில் கேட்டு வந்தனர். ஒரு தாய் தமக்கு வேலைநாள் குறைந்தது என்றார். மற்றொருவர், தம் மகன் கல்லூரிக்குச் செல்வதால் அவ்வீட்டிலிருந்து இனி யாரும் ஜீப் ஏறுவதில்லை என்றார். இரண்டும் மெய். ஒரே கோட்டில் அடங்கவில்லை. இரண்டு கோடுகளாகவே விட்டுவைத்தோம். அநேகாந்தத்தை நாம் யானைக் கதை கொண்டு விளக்குவது வழக்கம். அக்கதை தெரியாத அப்பிள்ளைகள் ஒவ்வொரு வரைபடத்தின் அடியிலும் ‘ஒரு வகையில்’ என்று எழுதினார்கள். ‘ஸ்யாத்’ என்பதற்கு இதனினும் எளிய தமிழ் எனக்குத் தெரியவில்லை.

நம் வீட்டுக் கணக்குக்கு வருவோம். தமிழ்நாட்டில் ஜைனர் 2001 இல் 83,359; 2011 இல் 89,265. பட்டை உயர்ந்திருக்கிறது. ஆனால் வட ஆர்க்காட்டு நயினாரும், வணிகத்தின்பொருட்டு வடக்கிலிருந்து வந்து குடியேறிய அன்பர்களும் அவ்வொரே பட்டையில் அடங்கியுள்ளனர். உயர்ந்தது யார், ஊரை விட்டுச் சென்றது யார் என்பதை அவ்வெண் கூறாது. நம் சிற்றூர்களில் ஜினாலயம் இருக்கிறது; திங்கள்தோறும் பூட்டிய கதவுகள் கூடுகின்றன. அதை யாரும் எண்ணி வைத்ததாக நான் அறியேன்.

அச்சணந்தி முனிவரின் பெயர் ஆனைமலையிலும் அழகர்மலையிலும், போடிக்குத் தெற்கே உத்தமபாளையத்துப் பாறையிலும் பொறிக்கப்பட்டுள்ளது. அக்கல்வெட்டுகளை வரைபடத்தில் புள்ளிகளாக இட்டால் ஒரு நெடும்பயணம் தெரியும். இப்பணி பாலர் வகுப்பு மாணவர்க்கு உரியது.

அறக்கட்டளையினரிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த பாலர் வகுப்பில் ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு கிராஃப் தாள் தாருங்கள். பாட்டி, தாய், தான் என மூன்று கோடுகள். கிடையச்சில் ஆண்டு, நிலையச்சில் பிறந்த ஊரிலிருந்து தொலைவு. எந்தக் கோடு எந்த ஆண்டில் ஏன் தாவியது என்பதைப் பாட்டியிடமே கேட்டு எழுதட்டும். தாள்களை அடுத்த ஆண்டு விழாவில் இம்மண்டபச் சுவரில் ஒட்டலாம். ஒட்டுவதற்கு நானும் வருகிறேன்.