நாடகத்துள் ஒரு முனிவர்



கதையிலும் நாடகத்திலும் காவியுடுத்து வருவோன் பெரும்பாலும் கள்வனாகவே காட்டப்பெறுகின்றான். மடத்திற் பயின்ற அடியேனுக்கு அஃது உறுத்துவதே. எனினும் முற்றும் பொய்யென்று சொல்ல நாவெழவில்லை.

நெல்லையைக் களமாகக் கொண்ட மனோன்மணீயம் வேறுவகை. பேராசிரியர் சுந்தரம் பிள்ளை 1891இல் வெளியிட்ட அந்நாடகம் லிட்டன் என்னும் ஆங்கிலப் புலவரின் கதையைத் தழுவியது. ஆயினும் அதில் வரும் சுந்தர முனிவர் நம்மவர். தம் ஞானாசிரியராகிய கோடகநல்லூர்ச் சுந்தர சுவாமிகளின் திருப்பெயரையே ஆசிரியர் அவருக்கு இட்டார். அம்முனிவர் செய்வது யாது? பூசைக்கென அரசனிடம் ஓர் அறை பெற்று, மறைவாகச் சுரங்கம் அமைக்கின்றார்! துறவிக்கு இது தகுமோ என்று இளமையில் மடத்துத் திண்ணையில் இரவெல்லாம் வாதிட்டோம். அமைச்சன் குடிலனின் வஞ்சகம் முடிவில் வெளிப்பட்டது அச்சுரங்கத்தாலன்றோ?

முனிவரின் மாணாக்கருள் நிட்டாபரர் தனித்திருந்து தவஞ்செய்தலே சிறப்பென்பார். கருணாகரர் உயிர்கட்கு இரங்கிப் பணிசெய்தலே பெரிதென்பார். அக்காலத்து அடியேன் நிட்டாபரர் கட்சி. குற்றாலத்து அருவியோசையிற் கண்மூடியிருப்பதே பேறென்றிருந்தேன்.

நெடுங்காலம் சிதைந்து நின்ற தென்காசிக் கோபுரம் மீண்டும் எழுந்து, 1990இல் குடமுழுக்குக் கண்டது. அன்று திரளிடையே நின்று அண்ணாந்து பார்த்தேன். எத்தனை கைகள் அதனை எழுப்பின! அவற்றுள் என் கை இல்லை. அன்றே கருணாகரர் பக்கம் பெயர்ந்தேன்.