குஞ்சு காத்திருக்காது



ஹேச்சரி வைக்க நினைக்கும் இன்ஜினியர் முதலில் மெஷின் விலையைத்தான் விசாரிப்பார். மெஷின் நமக்குப் புரியும். செட்டரில் 18 நாள், சுமார் 37.5 டிகிரி சூடு. பிறகு ஹேச்சரில் 3 நாள். கரண்ட் போனால் ஜெனரேட்டர் இருக்கு.

ஆனா, 21-ஆம் நாள் குஞ்சு வந்தே தீரும். வாங்க ஆளில்லை என்று போல்ட்டு, நட்டு மாதிரி குடோனில் அடுக்க முடியாது. தீனியின்றி இரண்டு மூன்று நாள்தான் தாங்கும்.

பல்லடம் பக்கம் பெரும்பாலான பிராய்லர் பண்ணைகளுக்குக் கம்பெனிகளே குஞ்சு கொடுத்துவிடுகின்றன. மிச்சம் யார்? நாட்டுக்கோழி வளர்ப்பவர்கள், சொந்தமாகப் பண்ணை நடத்துபவர்கள். கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போடும் முன் அவர்களிடம் போய் ஆர்டர் பிடியுங்கள். குஞ்சு ஏற்றும் தேதியிலிருந்து பின்னோக்கி 21 நாள் எண்ணி முட்டை வையுங்கள்.