ரகுவை ஏன் பிரித்தார்கள்?



'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' படத்தை இப்பத்தான் பாத்து முடிச்சோம். ரகுவைக் குளிப்பாட்டுற இடத்துல நானும் சிரிச்சேன். எடுத்தவர் கார்த்திகி கொன்சால்வ்ஸ், நீலகிரியில் வளர்ந்தவர். 2023 மார்ச்சில் ஆஸ்கர் கிடைத்தது. படம் அழகாக இருக்கிறது, அதில் எனக்குச் சண்டை இல்லை.

ஆனால் ஒரு இடத்தை மறுபடி யோசிங்க. பொம்மனும் பெள்ளியும் பிள்ளையாக வளர்த்த ரகுவை வனத்துறை வேறு ஆளிடம் கொடுத்துவிடுகிறது. கேமரா அவங்க கண்ணீரைக் காட்டுது. முடிவெடுத்தது யார், இவங்களை ஒரு வார்த்தை கேட்டாங்களா? அதைக் கேமரா கேக்கலை. கேட்டிருந்தால் பாசக்கதை, அதிகாரத்தின் கதை ஆகியிருக்கும்.

தெப்பக்காடு முகாமே ஆதிப் பண்பாடு அல்ல. வெள்ளைக்காரன் காலத்தில் வெட்டிய மரத்தை இழுக்க யானையை வேலை வாங்கிய இடம். அங்கே பழங்குடி மக்கள் செய்வது உழைப்பு. பெள்ளிக்குக் காவடி வேலைக்கான ஆணை 2023 ஆகஸ்டில்தான் வந்தது, அதுவும் தற்காலிகமாக. ஆஸ்கருக்கு அப்புறம்! 2007-ல் முதுமலை புலிகள் காப்பகமானது, உள்ளே இருந்த ஊர்க்காரங்க வெளியே குடியேத்தப்பட்டது, இதெல்லாம் படத்தில் இல்லை.

நம்ம ஊருக்கு வருவோம். திண்டுக்கல் தோல்ஷாப்பில் சுண்ணாம்புத் தொட்டிக்குள் நின்ற நம்ம ஆளுக்கும் இயற்கையோடு உறவு உண்டு. ஆவாரம்பட்டையும் கடுக்காயும் அவன் கைப்பழக்கம். (குரோமியம் வந்து கிணத்துத் தண்ணி கெட்டது தனிக்கதை.) அவனை 'இயற்கையின் குழந்தை'ன்னு எவனும் சொல்லலை, தீட்டுன்னு தள்ளிவச்சான். மலையில இருக்கறவங்களைக் கும்பிடுறான், நம்மளைத் தள்ளிவைக்கிறான். ரெண்டு பேரும் உரிமை கேட்டு வந்தா மட்டும் அவனுக்கு ஒரே கோபம்.

மாணவத் தோழர்கள் சிறுமலைக்குக் கேமராவோட போறதா சொன்னாங்க. போங்க. பளியர் தேன் எடுக்கிறதை எடுங்க. அந்தத் தேனை யார், என்ன விலைக்கு வாங்குறான்னும் எடுங்க. 2006 வன உரிமைச் சட்டம் தேன், கடுக்காய் மாதிரிப் பொருளைச் சேகரிக்கவும் விக்கவும் அவங்களுக்கு உரிமை தந்திருக்கு. கிராமசபை கூடுச்சா, பட்டா கைக்கு வந்துச்சா, அதைக் கேளுங்க. எடுத்த படத்தை முதல்ல அவங்க குடியிருப்பிலேயே போட்டுக் காட்டுங்க. வேண்டாம்னு அவங்க சொல்ற காட்சியை வெட்டிட்டு அப்புறம் திண்டுக்கல்லுக்குக் கொண்டாங்க.