தண்டுவடமும் கற்கும்

மாநாட்டுத் தலைமை உரை



தண்டுவடக் காயம் பட்டவர்களுக்கான உடற்பயிற்சியும் ட்ரெட்மில் நடைப்பயிற்சியும் என்னும் பொருளில் கூடியிருக்கும் இந்தக் கருத்தரங்குக்குத் தலைமை ஏற்கும் வாய்ப்பைத் தந்த அமைப்பாளர்களுக்கு என் நன்றி. ஆய்வுக் கட்டுரைகள் பல இங்கே படிக்கப்பட இருக்கின்றன. அதற்கு முன், இந்தத் துறை எந்த வழியே வளர்ந்தது, எது உறுதிப்பட்டது, இனி நம் கடமை என்ன என்று சுருக்கமாகச் சொல்ல விரும்புகிறேன். என் கருத்தை முதலிலேயே வைத்துவிடுகிறேன். காயம் பட்ட தண்டுவடம் கற்கும் திறனை இழந்துவிடுவதில்லை. அதற்குக் கற்றுத் தருவது இடைவிடாத பயிற்சி. விலை உயர்ந்த இயந்திரம் வரட்டும் என்று அந்தப் பயிற்சியைத் தள்ளிப்போட நமக்கு உரிமை இல்லை.

முதல் உலகப் போரில் தண்டுவடத்தில் காயம் பட்ட வீரர்களில் பெரும்பாலோர் படுக்கைப் புண்ணாலும் சிறுநீர்த் தொற்றாலும் இறந்துபோனார்கள். 1944இல் இங்கிலாந்தின் ஸ்டோக் மாண்டவில் மருத்துவமனையில் லுட்விக் குட்மன் தனிப் பிரிவு தொடங்கிய பிறகே நிலைமை மாறியது. நோயாளியை நேரத்துக்குத் திருப்பிப் படுக்கவைத்தார்; சிறுநீர்ப்பையைக் கவனித்தார்; உடல் தேறியதும் விளையாடவும் வைத்தார். 1948இல் அங்கே நடந்த வில்வித்தைப் போட்டியே இன்றைய பாராலிம்பிக் விளையாட்டுகளுக்கு வித்து.

நம் மண்ணிலும் அப்படி ஒருவர் இருந்தார். வேலூர் கிறித்துவ மருத்துவக் கல்லூரியின் மருத்துவர் மேரி வர்கீஸ் 1954இல் நேர்ந்த சாலை விபத்தில் இடுப்புக்குக் கீழ் செயலிழந்தார். சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே தொழுநோயாளிகளின் கைகளுக்கு அறுவை சிகிச்சை செய்தார். பின்னர் நியூயார்க் சென்று மறுவாழ்வு மருத்துவம் பயின்று திரும்பினார். 1966இல் வேலூரில் திறக்கப்பட்ட மறுவாழ்வு நிலையம் அவர் உழைப்பின் பயன். மறுவாழ்வு மருத்துவத்தில் தமிழ்நாடு நேற்று முளைத்ததன்று என்பதை இளைய மருத்துவர்கள் மனத்தில் கொள்ள வேண்டும்.

ட்ரெட்மில் பயிற்சியின் வேர் விலங்கு ஆய்வில் இருக்கிறது. 1911இல் தாமஸ் கிரஹாம் பிரௌன் ஒரு செய்தியை நிறுவினார்: மூளையோடு தொடர்பு அறுக்கப்பட்ட பூனையின் தண்டுவடம், கால்களிலிருந்து உணர்வு வராத நிலையிலும், மாறி மாறி அடியெடுக்கும் தாளத்தைத் தானே எழுப்புகிறது. நடையின் அடிப்படைத் தாளம் தண்டுவடத்துக்குள்ளேயே இருக்கிறது என்பது அன்றே தெரிந்தது. 1980களில் மாண்ட்ரியாலில் பார்போவும் ரோசினோலும், லாஸ் ஏஞ்சலஸில் எட்கர்ட்டன் குழுவினரும், தண்டுவடம் முழுதும் துண்டிக்கப்பட்ட வளர்ந்த பூனைகளை ஓடும் பட்டையின் மேல் பழக்கினார்கள். சில வாரப் பயிற்சிக்குப் பிறகு அவை பின்னங்கால்களில் எடை தாங்கி, பாதத்தைச் சரியாக ஊன்றி, பட்டையின் மேல் நடந்தன.

அதே லாஸ் ஏஞ்சலஸ் குழு அடுத்துக் கண்டது இன்னும் முக்கியமானது. நடக்கப் பழகிய பூனை நடந்தது. நிற்க மட்டும் பழகிய பூனை நன்றாக நின்றது. ஆனால் அதற்கு அடியெடுக்க வரவில்லை. எதைப் பழக்குகிறோமோ அதைத்தான் தண்டுவடம் கற்கிறது. வீட்டுக் கட்டிலில் கால்களை மடக்கி நீட்டுவது மூட்டு இறுகாமல் காக்கும். அதுவே நடைப்பயிற்சி ஆகிவிடாது.

மனிதருக்கு இது எப்படிப் பொருந்துகிறது? தாங்கு பட்டை ஒன்றை உடலில் கட்டி, மேலிருந்து தொங்கவிட்டு, உடல் எடையில் ஒரு பகுதியை அது சுமக்கும்படி செய்கிறோம். ட்ரெட்மில்லின் ஓடும் பட்டை நகர, இருபுறமும் உட்கார்ந்திருக்கும் பயிற்சியாளர்கள் கால்களை வழிநடத்துகிறார்கள். இதில் இரண்டு உணர்வுச் செய்திகள் தண்டுவடத்துக்குப் போய்ச் சேர வேண்டும். ஒன்று, ஊன்றிய காலில் ஏறும் எடை. மற்றொன்று, அந்தக் கால் பின்னே போகும்போது இடுப்பு மூட்டு நன்கு நீள்வது. இவ்விரண்டும் கிடைத்தால்தான் அடுத்த அடிக்கான தூண்டல் எழுகிறது. எடையை அளவுக்கு மீறித் தூக்கிவிட்டால் கால் காற்றில் அசையும். தண்டுவடம் எதையும் கற்காது. ஆகவே நாளுக்கு நாள் தாங்கலைக் குறைத்து வருவதுதான் இந்தப் பயிற்சியின் உயிர்.

ஜெர்மனியில் அன்டன் வெர்னிக் 1992இலும் 1995இலும் வெளியிட்ட முடிவுகள் உலகின் கவனத்தை ஈர்த்தன. உணர்வும் அசைவும் ஓரளவு எஞ்சியிருந்தவர்களில் பலர், காயம் பட்டு ஆண்டுகள் கடந்த பிறகும், ட்ரெட்மில் பயிற்சியால் சக்கர நாற்காலியிலிருந்து எழுந்து நடந்தார்கள். ஆனால் அவர் ஒப்பிட்டது பழைய நோயாளிகளின் பதிவேடுகளோடு. குலுக்கல் முறையில் பிரித்து ஒப்பிடும் ஆய்வு பிறகுதான் வந்தது. ப்ரூஸ் டாப்கின் தலைமையில் 2006இல் வெளிவந்த அந்த ஆய்வில், காயம் பட்டு எட்டு வாரங்களுக்குள் இருந்த 146 பேர் பங்கேற்றார்கள். ஒரு பிரிவினருக்கு எடை தாங்கும் ட்ரெட்மில் பயிற்சி. மறு பிரிவினருக்கு அதே அளவு நேரம் தரையில் பயிற்சி. 12 வாரம் நடந்தது. அசைவு எஞ்சியிருந்தவர்கள் இரு பிரிவிலும் ஆறு மாத முடிவில் நொடிக்கு ஏறத்தாழ 1.1 மீட்டர் வேகத்தில் நடந்தார்கள். இரு பிரிவுக்கும் வேறுபாடு இல்லை.

ட்ரெட்மில் தோற்றது என்று இதைச் சிலர் வாசித்தார்கள். நான் அப்படி வாசிக்கவில்லை. இரு பிரிவினரும் தொடக்கத்திலேயே, போதிய நேரம், முறையாக நிற்கவும் நடக்கவும் பழகினார்கள். இரு பிரிவினரும் பயன் பெற்றார்கள். அதாவது ட்ரெட்மில் கிடைக்காத ஊரிலும், இணைக் கம்பிகளும் வாக்கரும் பயிற்சி பெற்ற இரண்டு கைகளும் இருந்தால் நல்ல பலன் காண முடியும். ஏழை நாடுகளுக்கு இதைவிட நம்பிக்கை தரும் ஆய்வு முடிவு இத்துறையில் இல்லை என்பேன்.

சூரிச்சில் உருவான லோகோமாட் போன்ற ரோபோக்கள் பயிற்சியாளரின் இடுப்பு வலியைக் குறைத்து, நெடுநேரம் பயிற்சி தர உதவுகின்றன. ஆனால் கால்களை இயந்திரம் முழுதும் நகர்த்திக்கொடுத்தால் நோயாளியின் சொந்த முயற்சி குறைந்துபோகும். லூயிவில், மேயோ கிளினிக், லோசான் ஆகிய இடங்களிலிருந்து 2018இல் வந்த மின்தூண்டல் செய்திகளையும் நீங்கள் அறிவீர்கள். தண்டுவடத்தின் மேல் மின்முனைகளைப் பதித்துத் தூண்டியபோது, நெடுநாள் செயலிழந்திருந்த சிலர் அடியெடுத்தார்கள். அவர்கள் ஒவ்வொருவருக்கும் பின்னால் பல மாத நடைப்பயிற்சி இருந்தது என்பதை நாளிதழ்த் தலைப்புகள் சொல்லவில்லை. அதை நோயாளிகளிடம் சொல்ல வேண்டியது நம் பொறுப்பு.

காயம் முழுமையானதாக இருந்தால், இன்றைய பயிற்சி மட்டும் கொண்டு நோயாளி நடப்பார் என்று நாம் வாக்குக் கொடுக்கக் கூடாது. அப்படியானால் அவருக்குப் பயிற்சி எதற்கு என்று கேட்பவர்கள் உண்டு. அவருக்குத்தான் அது மிகவும் தேவை. அசையாத உடலில் தசை கரைகிறது, எலும்பு மெலிகிறது, சர்க்கரையும் இதய நோயும் முந்திக்கொண்டு வருகின்றன. 2018இல் வெளியான சர்வதேசப் பரிந்துரை தெளிவாகவே இருக்கிறது. உடல் திறனுக்கு வாரம் இரு முறை குறைந்தது 20 நிமிடம் மூச்சு வாங்கும் அளவுக்குப் பயிற்சி. அத்துடன் இயங்கும் தசைகளுக்கு வாரம் இரு முறை, மூன்று சுற்று வலுப் பயிற்சி. இதயத்தையும் சர்க்கரையையும் காக்க, மூச்சு வாங்கும் பயிற்சி வாரம் மூன்று முறை 30 நிமிடம். சக்கர நாற்காலியை வேகமாகத் தள்ளுவதும், கையால் சுற்றும் மிதியும், ரப்பர் பட்டையும் இதற்குப் போதும்.

எச்சரிக்கைகளும் உண்டு. நெஞ்சுத் தண்டுவடத்தின் ஆறாம் கண்டத்திலோ அதற்கு மேலோ காயம் பட்டவர்களுக்கு நாடித்துடிப்பு போதிய அளவு ஏறாது; அதை மட்டும் வைத்துப் பயிற்சியின் கடுமையை அளக்கக் கூடாது. நிரம்பிய சிறுநீர்ப்பையும் இறுக்கிய தாங்கு பட்டையும்கூட அவர்களுக்கு இரத்த அழுத்தத்தைத் திடீரென எகிறச் செய்யும். தலைவலியும் முகத்தில் வியர்வையும் கண்டால் பயிற்சியை நிறுத்தி, நிமிர்த்தி உட்காரவைத்து, பட்டையைத் தளர்த்தி, சிறுநீர்க் குழாயைப் பார்க்க வேண்டும். பல ஆண்டுகள் நிற்காத ஒருவரை எலும்பின் வலுவைச் சோதிக்காமல் நிற்கவைத்தால் முழங்காலருகே எலும்பு முறியக்கூடும். உணர்ச்சியற்ற தோலை ஒவ்வொரு பயிற்சிக்குப் பிறகும் பார்ப்பது கட்டாயம்.

பனையிலிருந்தும் தென்னையிலிருந்தும் விழுந்தவர், கட்டடச் சாரத்திலிருந்து தவறியவர், இரு சக்கர வண்டியில் அடிபட்டவர்: நம் வார்டுகளில் பெரும்பாலும் இவர்களே படுத்திருக்கிறார்கள். பலர் குடும்பத்தில் சம்பாதிக்கும் ஒரே ஆள். அறுவை சிகிச்சை முடிந்து வீடு திரும்பியபின் அவர்களுடைய பயிற்சி நின்றுவிடுகிறது. இந்த இடைவெளியை நிரப்ப முடியும் என்பதற்கு ஆய்க்குடியே சான்று. கடற்படைத் தேர்வின்போது கழுத்தில் காயம் பட்ட எஸ். ராமகிருஷ்ணன் 1981இல் அந்தக் கிராமத்தில் தொடங்கிய அமர் சேவா சங்கம், மறுவாழ்வைப் பெருநகரத்துக்கு வெளியே கொண்டுசென்றது. 2021இல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் இயன்முறை மருத்துவர் வீட்டு வாசலுக்கே வருகிறார். பாதை இருக்கிறது, அதில் தண்டுவடக் காயம் பட்டவர்களுக்கு முறையான பயிற்சித் திட்டத்தைச் சேர்க்க வேண்டும்.

எனவே இந்த அவையின் முன் மூன்று கோரிக்கைகளை வைக்கிறேன். மாவட்டத் தலைமை மருத்துவமனை ஒவ்வொன்றிலும், எளிய எடை தாங்கும் சட்டமும் இணைக் கம்பிகளும் கொண்ட நடைப்பயிற்சிக் கூடம் அமைய வேண்டும். நோயாளி வீடு திரும்பும் நாளில், வாரத்துக்கு எத்தனை முறை, எவ்வளவு நேரம், எதைக் கண்டால் நிறுத்த வேண்டும் என்று தமிழில் எழுதிய பயிற்சிச் சீட்டு அவர் கையில் இருக்க வேண்டும். நடந்த தூரத்தை மட்டும் வெற்றியாகக் குறிக்காமல், புண் வராத மாதங்களையும், தானே கட்டிலிலிருந்து நாற்காலிக்கு மாறியதையும், வேலைக்குத் திரும்பியதையும் நாம் பதிவு செய்ய வேண்டும்.

இந்த மூன்றும் தீர்மானங்களாக நிறைவேறி அரசின் பார்வைக்குச் செல்ல வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். ஆய்வாளர்கள் கருவிகளை மேம்படுத்தட்டும். நாம் அதுவரை ஒருவரையும் படுக்கையில் விட்டுவைக்க வேண்டாம். கருத்தரங்கைத் தொடங்கிவைக்கிறேன்.